சுழியெழுத்து எப்போது தவறும்? கற்பனை நாடொன்றின் மந்திர லிபி குறித்து

பாறசாலையிலிருந்து எழுதியிருக்கும் தம்பி ஒருவர், தாம் எழுதிக்கொண்டிருக்கும் கற்பனை நாவலைப் பற்றி மூன்று கேள்விகள் கேட்டிருக்கிறார். மலையின் இரு சரிவுகளிலும் இரு வேறு மொழி பேசும் மக்கள் வாழும் 'இருமலைநாடு' அவருடைய கதைக்களம். அங்கே 51 குறிகளைக் கொண்ட 'சுழியெழுத்து' வழங்குகிறது. ஒரு குறி நெருப்பை மூட்டும், ஒரு குறி நீரை நிறுத்தும், ஒரு குறி உறக்கத்தைத் தரும்; எழுதிய மறுகணமே பலிக்கும். கைப்பிரதியைப் படித்த நண்பர்கள், கதாநாயகி எழுத்தைக் கற்றுக்கொள்ளும் அத்தியாயத்தோடு கதை படுத்துவிடுகிறது என்று சொல்லிவிட்டார்களாம். பழங்கல்வெட்டுகளில் காணும் வளைந்த எழுத்தான வட்டெழுத்தின் வடிவங்களை எடுத்தாளலாமா, எழுத்தின் ஆற்றலுக்கு எத்தகைய விதிகளை வகுப்பது, குறிகளை நூலில் அச்சிடுவது எப்படி என்பவை அவருடைய கேள்விகள்.

தம்பி, உங்கள் நண்பர்கள் சொன்னது சரிதான். உங்கள் எழுத்துக்கு ஆற்றல் கூடிப்போனது ஒரு குறையே ஆகாது. அது தவறிப்போவதற்கு நீங்கள் எங்கும் வழி வைக்கவில்லை என்பதுதான் குறை. மந்திர லிபி ஒன்றை உருவாக்குகிறவர் அது என்னென்ன செய்யும் என்று பட்டியல் போடுவதற்கு முன்னால், பிழையாக எழுதினால் என்ன ஆகும், படியெடுத்தால் என்ன ஆகும், படிக்கத் தெரியாதவர் கையில் கிடைத்தால் என்ன ஆகும், நூறு ஆண்டு கழித்து அதே எழுத்தை யாருக்குமே படிக்கத் தெரியாமல் போனால் என்ன ஆகும் என்னும் நான்கையும் முடிவு செய்துகொள்ள வேண்டும். இந்த நான்குக்கும் விடை தேட நீங்கள் வெகுதூரம் போக வேண்டியதில்லை. நீங்களும் நானும் வாழும் இந்தத் தெற்கு எல்லையில் தமிழெழுத்து, வட்டெழுத்து, கோலெழுத்து, மலையாண்மை, கிரந்தம், மலையாளம் என்று ஒன்றன்மேல் ஒன்றாக எழுத்துகள் வந்து போயிருக்கின்றன. அவற்றின் வரலாற்றிலேயே உங்களுக்கு வேண்டிய விதிகள் கிடைக்கும்.

வடிவங்களைப் பற்றிய முதல் கேள்விக்குச் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன். தாராளமாக எடுத்துக்கொள்ளுங்கள், ஆனால் கடைசியாக எடுத்துக்கொள்ளுங்கள். குழித்துறைக்கு அருகிலுள்ள சிதறால் மலைக்கு ஒருமுறை போய், ஆய் மன்னன் விக்கிரமாதித்த வரகுணன் காலத்து வட்டெழுத்துக் கல்வெட்டைப் பார்த்துவிட்டு வந்தால், எந்தக் கோடு எங்கே தொடங்கி எங்கே சுழிகிறது என்பது கைக்குப் பிடிபடும். குணந்தாங்கிக் குறத்தியார் என்னும் சமணப் பெண் துறவி பொன் அளித்த செய்தியைச் சொல்லும் கல்வெட்டு அது. நேராகக் கோடு இழுத்தால் ஓலை கிழிந்துவிடும், அதனால்தான் எழுத்துகள் வட்டமாயின என்று யாராவது சொன்னால் அதை அப்படியே கதையில் விதியாக வைத்துவிடாதீர்கள். கிடைக்கோடு உள்ள 'ட'வையும் 'ப'வையும் நம்மவர்கள் நூற்றாண்டுக் கணக்கில் ஓலையில்தான் எழுதி வந்தார்கள்.

இனி விதிகளுக்கு வருவோம். எழுத்துக்கு ஆற்றல் எங்கிருந்து வருகிறது என்பதை முதலில் தீர்மானிக்க வேண்டும். இதில் உங்கள் கைப்பிரதி தடுமாறுகிறது. ஓர் இடத்தில் குறியே நெருப்பாக இருக்கிறது, இன்னோர் இடத்தில் குறியை உரக்கப் படித்தால்தான் நெருப்பு வருகிறது. இரண்டும் வெவ்வேறு நம்பிக்கைகள். எழுதப்பட்ட உருவமே பொருளாகிவிடும் என்று நம்பியவர்கள் பழைய எகிப்தியர்கள். பிரமிடுகளின் உள்ளறைச் சுவர்களில் எழுதும்போது சிங்கத்தின் உருவம் வரும் இடங்களில் அதை இரண்டு துண்டாக வெட்டி எழுதினார்கள், பாம்பின் உருவத்தைச் சிதைத்து எழுதினார்கள். இல்லாவிட்டால் அது உயிர்த்தெழுந்து உள்ளே கிடக்கும் மன்னனைத் தீண்டிவிடும் என்பது அவர்களுடைய அச்சம். உருவ எழுத்துக்குத்தான் இது பொருந்தும். உங்களுடையது ஒலியெழுத்து என்பதால் இந்த வழி உங்களுக்கு ஆகாது.

நம்முடைய மரபில் ஆற்றல் பெரும்பாலும் ஒலியினுடையது, பாட்டினுடையது. ஏடு அதைத் தாங்கி நிற்கும். மதுரையில் சம்பந்தருக்கும் சமணருக்கும் நடந்ததாகப் பெரியபுராணம் சொல்லும் அனல்வாதத்தில், திருநள்ளாற்றுப் பதிகம் எழுதிய ஏடு நெருப்பில் வேகாமல் பச்சையாகவே இருந்தது. புனல்வாதத்தில் 'வாழ்க அந்தணர்' என்னும் பதிகத்தின் ஏடு வைகையை எதிர்த்து நீந்தித் திருவேடகத்தில் ஒதுங்கியது. அந்த ஏடுகள் யாரையும் எரிக்கவில்லை, எதையும் படைக்கவில்லை என்பதைக் கவனியுங்கள். தாங்கி நிற்கும் பாட்டின் உண்மையை அவை மெய்ப்பித்தன, அவ்வளவே. பீங்கான் தட்டில் திருக்குர்ஆன் வசனத்தை எழுதி, நீர் ஊற்றிக் கழுவி, அந்த நீரை நோயாளிக்குக் குடிக்கக் கொடுக்கும் வழக்கமும் இந்த வகைதான். எழுத்து கலைந்த பின்னும் அதிலிருந்தது நீருக்கு மாறிவிடுகிறது. இந்த வழியில் அழகான காட்சிகள் கிடைக்கும். ஆனால் எழுத்தைவிடப் பாட்டே கதையின் நாயகனாகிவிடும் என்பதால், எழுத்தையே மையமாக்க விரும்பும் உங்களுக்கு இதுவும் முழுமையாக உதவாது.

நான் பரிந்துரைப்பது மூன்றாவது வழியை. எழுத்து ஒரு செயல். ஓர் ஆவணம் எழுதிக் கையெழுத்திடப்படும்வரை வயல் ஒருவருடையது. கையெழுத்திட்ட பிறகு அதே வயல் இன்னொருவருடையது. மண்ணும் வரப்பும் மாறவில்லை, ஆனால் உலகம் மாறிவிட்டது. நம் கல்வெட்டுகள் இதைத்தான் செய்தன. கோயில் விளக்குக்கு நிலம் விட்டதைச் சொல்லி, அது சந்திரனும் சூரியனும் உள்ளவரை செல்லும் என்று கட்டளையிட்டு, அதை அழித்தவர் 'கங்கையிடைக் குமரியிடைச் செய்தார் செய்த பாவம்' கொள்வார் என்று சாபமும் வைத்து முடிப்பார்கள். காப்பவருடைய பாதம் என் தலைமேல் என்று எழுதியவர் இன்னும் பிறக்காத ஒருவரை வணங்குவதும் உண்டு. நில எல்லை, கடமை, சாட்சி, காலவரை, சாபம், வேண்டுதல் என்று ஒரு மந்திரத்துக்கு வேண்டிய உறுப்புகள் எல்லாம் இதில் வரிசையாக இருக்கின்றன. உங்கள் இருமலைநாட்டில் ஒரு பாறையில் 'இந்த ஓடை இந்த வயலுக்குப் பாயும், சாட்சி இன்னின்னார்' என்று சுழியெழுத்தில் வெட்டப்பட்டிருக்கிறது, ஓடையும் அதன்படி மேட்டில் ஏறிப் பாய்கிறது என்று வையுங்கள். அதை மாற்ற விரும்பும் கதாநாயகிக்கு ஒரு குறியைக் கிறுக்கினால் போதாது. சாட்சியிட்டவர்களின் வாரிசுகளைத் தேட வேண்டும். அவர்களில் ஒருவன் மலைக்கு அப்பால் குடிபெயர்ந்து வேறு மொழிக்காரனாகிவிட்டிருக்கலாம். கதை தானாகவே நடக்கத் தொடங்கிவிடும்.

இதோடு ஒரு கணக்கையும் சேர்க்கச் சொல்வேன். இந்தப் பதிலில் நீங்கள் வேறு எதை விட்டாலும் இதை விடாதீர்கள். கேரளத்தில் கணிதர்களும் சோதிடர்களும் கவிஞர்களும் கையாண்ட, எழுத்தை எண்ணாக்கும் கடபயாதி முறை உங்களுக்குத் தெரிந்திருக்கும். வடமொழி எழுத்து வரிசையில் ககரத்திலிருந்து தொடங்கி மெய்களுக்கு 1, 2, 3 என்று எண் கொடுத்துக்கொண்டே போவார்கள். டகரம், பகரம், யகரம் ஆகியவற்றிலிருந்து மீண்டும் ஒன்று தொடங்கும். தனியாக நிற்கும் உயிருக்குப் பூச்சியம். வந்த எண்களை வலமிருந்து இடமாகப் படிக்க வேண்டும். கர்நாடக இசை கற்றவர்கள் மேளகர்த்தா எனப்படும் தாய் இராகங்களின் வரிசை எண்ணை இதனால்தான் பெயரிலிருந்தே சொல்லிவிடுகிறார்கள்: மேசகல்யாணியில் 'மே' ஐந்து, 'ச' ஆறு, திருப்பிப் படித்தால் 65. இந்த முறையின் உச்சம் என்று நான் நினைப்பது குருவாயூரில் மேல்பத்தூர் நாராயண பட்டத்திரி நாராயணீயம் என்னும் வடமொழித் துதிநூலை முடித்த விதம். கடைசிச் சொற்றொடர் 'ஆயுராரோக்யசௌக்யம்'. நீண்ட ஆயுளும் நோயின்மையும் சுகமும் கிடைக்கட்டும் என்பது பொருள். அதே எழுத்துகளைக் கடபயாதிப்படி எண்ணினால் 1712210 வருகிறது. அது கலியுகம் தொடங்கிய நாளிலிருந்து நூல் நிறைவுற்ற நாள்வரையிலான நாள்களின் எண்ணிக்கை, ஆண்டு 1586. ஒரே சொற்றொடர் வாழ்த்தாகவும் தேதியாகவும் நிற்கிறது.

உங்கள் சுழியெழுத்தின் ஒவ்வொரு குறிக்கும் ஒலியோடு ஓர் எண்ணையும் கொடுத்துவிடுங்கள். பிறகு விதியை இப்படி வையுங்கள்: எழுதிய கட்டளை, அதன் எழுத்துகளின் எண் எந்த நாளைக் குறிக்கிறதோ அந்த நாளில் மட்டுமே பலிக்கும். இந்த ஒரு விதியால் எல்லாம் மாறிவிடுகிறது. வேண்டியதைச் சொல்லும் சொற்றொடர் கிடைத்தாலும் அதன் எண் முந்நூறு ஆண்டுக்குப் பிந்தைய ஒரு நாளைக் காட்டலாம். இன்றைய நாளுக்குப் பொருந்தும் சொற்றொடர் கிடைத்தாலும் அது வேண்டியதை ஏறக்குறைய மட்டுமே சொல்லும். மலையில் அணை உடைந்து வெள்ளம் வருகிறது. 'வெள்ளம் நிற்க' என்று எழுதினால் எண் பொருந்தவில்லை. விடிவதற்குள் பொருந்தக் கிடைத்தது 'வெள்ளத்தின் ஓசை நிற்க' என்பதுதான். கதாநாயகி அதை எழுதிவிடுகிறாள். ஓசை நின்றுவிட்டது, வெள்ளம் சத்தமே இல்லாமல் ஊருக்குள் வருகிறது, தூங்குகிறவர்கள் எழவில்லை. அரசவையில் எழுத்தர்களும் புலவர்களும் கணியர்களும் ஏன் தேவைப்படுகிறார்கள் என்பதற்கும் நீங்கள் தனியாக விளக்கம் தர வேண்டியதில்லை. சிதைந்த சுவரில் பாதி எழுத்துகள் கிடைத்து, மீதி எழுத்தைப் பொறுத்து நாள் நாளையா, அடுத்த மாதமா என்று இரண்டு கணியர்கள் சண்டையிடும் அத்தியாயத்தை நானே எழுதலாம் போல ஆசையாக இருக்கிறது.

எதில் எழுதுவது என்பதையும் நீங்கள் யோசிக்கவில்லை. கதாநாயகி காற்றில் விரலால் எழுதுகிறாள். அதில் உழைப்பே இல்லை. ஓலையில் எழுதுவதை ஒருமுறை அருகிலிருந்து பார்த்தவர்கள் அப்படி எழுதமாட்டார்கள். பனையோலையை வாரி, வேகவைத்து, நிழலில் உலர்த்தி, வழவழப்பாகத் தேய்த்து, அளவாக நறுக்கிய பிறகுதான் எழுத்தாணி வேலைக்கே வரும். இடக்கையில் ஓலையைப் பிடித்துக்கொண்டு, இடப் பெருவிரலின் நகத்தில் வெட்டிய பள்ளத்தில் எழுத்தாணியின் கூரை அணைத்துக்கொள்வார்கள். வலக்கை அதிகம் நகராது. பெருவிரல் ஓலையைத் தள்ளத் தள்ள எழுத்து விழும். கீறும்போது மெல்லிய சரசரப்புச் சத்தம் மட்டும் கேட்கும். வெளிர்மஞ்சள் ஓலையில் வெளிர்மஞ்சள் கீறல் என்பதால் எழுதியவருக்கே தாம் எழுதியது சரியாகத் தெரியாது. வரி முடிந்த பின், விளக்குக் கரியை இலைச்சாற்றில் குழைத்து ஓலை முழுவதும் தடவித் துணியால் துடைத்தால், மேற்பரப்பு வெளுத்துக் கீறலில் மட்டும் கரி தங்கி, எழுத்து எல்லாம் ஒரே நேரத்தில் கறுப்பாக எழும்பி வரும்.

சுழியெழுத்து எப்போது பலிக்கத் தொடங்குகிறது? கீறியபோதா, கரி தடவியபோதா? நான் இரண்டாவதைத்தான் தேர்ந்தெடுப்பேன். கீறப்பட்டுக் கரி காணாத ஓலைகள் அப்போது உறங்கும் மந்திரங்கள் ஆகிவிடும். ஓர் ஏட்டை வெற்றோலை என்று நினைத்து அடுப்படிக்குக் கொண்டுபோகிறாள் ஒரு கிழவி, புகை படிகிறது, மூன்று தலைமுறைக்கு முன் யாரோ எழுதி, எண்ணிக் கரி தடவாமல் விட்டுவைத்த ஒன்று விழித்துக்கொள்கிறது. பயன் தீர்ந்த ஏடுகளை என்ன செய்வது என்பதும் ஒரு கேள்வி. பழைய சுவடிகளை ஆடிப் பெருக்கில் ஆற்றில் விடும் வழக்கம் நம் நாட்டில் இருந்தது. எத்தனையோ நூல்கள் அப்படிப் போயின. இருமலைநாட்டிலும் அப்படி விட்டால், நம் குழித்துறையாறு தேங்காய்ப்பட்டணத்தில் கடலோடு சேர்வது போல அந்த ஆறு சேரும் முகத்துவாரத்தில், எழுதத் தெரியாத மீனவர்களின் வலையில் பாதி கரைந்த கட்டளைகள் சிக்கிக்கொண்டே இருக்கும். உங்கள் நாவலின் இரண்டாம் பாகம் அங்கே நடக்கலாம்.

அடுத்தது பிழை. மெய்யெழுத்துக்குப் புள்ளி உண்டு என்று தொல்காப்பியம் சொன்னாலும், ஓலையில் எழுதியவர்கள் பெரும்பாலும் புள்ளி வைப்பதில்லை. கூரான முனையால் குத்தினால் ஓலையில் ஓட்டை விழும். எகர ஏகாரத்துக்கும் ஒகர ஓகாரத்துக்கும் வேறுபாடு காட்டுவதும் இல்லை. 18ஆம் நூற்றாண்டில் வீரமாமுனிவர் வகுத்த வேறுபாடு அச்சில்தான் நிலைத்தது. காலும் (ா) ரகரமும்கூட ஒன்றுபோலவே இருக்கும். அதாவது பழைய ஏட்டில் 'எரி' என்பதும் 'ஏரி' என்பதும் ஒரே எழுத்து. நெருப்பா, நீர்நிலையா என்பதை முன்பின் வரும் சொற்களைக் கொண்டு படிக்கிறவர்தான் தீர்மானிக்க வேண்டும். சுவடி பதிப்பித்தவர்கள் அனுபவித்த இந்தத் தொல்லை மந்திர எழுத்துக்கு வரம் போன்றது. உங்கள் 51 குறிகளை 40 ஆகக் குறைத்துவிட்டு, பதினொரு இணைகளை ஒரே வடிவத்தில் எழுதச் செய்யுங்கள். அப்போது பலிக்கும்படி செய்கிறவர் எழுதினவரா, படிக்கிறவரா என்னும் கேள்வி எழும். அதற்கு இருமலைநாட்டின் இரு சரிவுகளிலும் இரண்டு வேறு விடைகள் இருக்கட்டும்.

பிழையாக எழுதிய எழுத்து வெறுமனே பலிக்காமல் போவதைவிட, வேறாகப் பலிப்பது மேல். ஐஸ்லாந்தின் பழங்கதை ஒன்றில், நோயுற்றுக் கிடக்கும் பெண்ணின் படுக்கைக்கு அடியில் எழுத்து செதுக்கிய திமிங்கில எலும்பு ஒன்று கிடைக்கிறது. அவள் தன்னை விரும்ப வேண்டும் என்று எண்ணி, அரைகுறையாகத் தெரிந்த இளைஞன் ஒருவன் செதுக்கியது. எழுத்துப் பிழையால் அவள் நோய் முற்றியிருக்கிறது. விவரம் தெரிந்த கவிஞன் ஒருவன் வந்து அதைச் சுரண்டி, எலும்பையே நெருப்பிலிட்டு, புதிதாகச் சரியான எழுத்துகளைச் செதுக்கி வைத்த பிறகே அவள் எழுகிறாள். நம்மிடமும் இதற்கு நிகரான ஒன்று உண்டு. பிரபந்தங்களுக்கு இலக்கணம் சொல்லும் பாட்டியல் நூல்கள் எழுத்துகளை அமுத எழுத்து என்றும் நச்செழுத்து என்றும் பிரித்து, தலைவனைப் பாடும் பிரபந்தத்தின் முதல் சீரில் நச்செழுத்து வந்தால் அவனுக்குத் தீங்கு என்று எச்சரித்தன. க, ச, த, ந, ப, ம, வ ஆகியவை அமுதம். யா, யோ, ரா, ரோ போன்றவை நஞ்சு. இதை நம்பி அஞ்சிய புரவலர்கள் இருந்திருக்கிறார்கள் என்பதற்கு நந்திக் கலம்பகத்தைப் பற்றிய கதையே சாட்சி. தன்னைக் கொல்லவே பாடப்பட்டது என்று தெரிந்தும், தமிழின்மேலுள்ள ஆசையால் பல்லவ மன்னன் மூன்றாம் நந்திவர்மன் அதை முழுவதும் கேட்டு உயிர்விட்டான் என்பது அந்தக் கதை. வரலாறாக அதை நான் ஏற்பதில்லை. ஆனால் அதிலுள்ள விதி கூர்மையானது: கேட்பவன் இசைந்து கேட்டால்தான் பாட்டு கொல்லும். உங்கள் உறக்கக் குறிக்கு இதை எடுத்துக்கொள்ளலாம். படிக்கத் தெரியாதவனை அது உறங்கவைக்காது. எனவே அரண்மனைக் காவலுக்கு எழுத்தறியாதவர்களையே நியமிப்பார்கள். அவர்கள் பிள்ளைகளுக்கு ஏடு தொடங்குவதை அரசு தடுக்கும். விசயதசமி நாளில் பொன்மோதிரத்தால் குழந்தையின் நாவில் எழுதி, அரிசியில் கைபிடித்து எழுதவைக்கும் அந்தச் சடங்கு, உங்கள் நாட்டில் ஒளிந்து செய்யும் குற்றமாகிவிடும்.

இப்போது படிக்கத் தெரிந்தவர்களைப் பற்றி. எல்லையில் பிறந்தவர்களுக்கு இது சொல்லித் தெரிய வேண்டியதில்லை. வட்டெழுத்து பாண்டிநாட்டில் சோழர் ஆட்சிக்குப் பின் மெல்ல மறைந்தது. மலைக்கு இப்பால், பிற்காலத்தில் திருவிதாங்கூர் ஆன வேணாட்டிலோ 18ஆம் நூற்றாண்டு வரை வழக்கிலிருந்தது. திருவனந்தபுரம் பத்மநாபசாமி கோயிலின் மதிலகம் ஆவணங்கள் இலட்சக்கணக்கான ஓலைகளாகச் சுருணை எனப்படும் சுருள் கட்டுகளாகக் கட்டப்பட்டுக் கிடக்கின்றன. அவற்றைப் படிக்கத் தெரிந்தவர்கள் விரல்விட்டு எண்ணத்தக்கவர்கள். அவ்வளவு பின்னால்கூடப் போக வேண்டாம். 1956 நவம்பர் 1ஆம் தேதி அகத்தீசுவரம், தோவாளை, கல்குளம், விளவங்கோடு வட்டங்கள் தமிழ்நாட்டோடு சேர்ந்தன. அதற்கு முன் எழுதிய ஆதாரங்கள் எங்கள் வீட்டு இரும்புப் பெட்டியிலும் இருக்கின்றன. 'கொல்லம் 1098 கும்பம்' என்று தொடங்கும் ஒன்று 1923ஆம் ஆண்டில் எழுதியது. மலையாள எழுத்து, இடையிடையே தமிழ்ச் சொற்கள், எல்லைகளைக் குறிக்க மரங்களின் பெயர்கள். அதில் சொல்லிய நிலத்தில்தான் நாங்கள் குடியிருக்கிறோம். வீட்டின் இளையவர்களில் ஒருவருக்கும் அதைப் படிக்கத் தெரியாது. பாகப் பிரிவினைப் பேச்சு வரும்போதெல்லாம், ஓய்வுபெற்ற ஆவண எழுத்தர் ஒருவரிடம் அதை எடுத்துக்கொண்டு போவார்கள். அவர் கண்ணாடியைத் துடைத்து மாட்டிக்கொண்டு வாசிக்கும் அரைமணி நேரம் அந்தக் கூடத்தில் ஒருவரும் வாய் திறப்பதில்லை. சாதாரண நில ஆவணத்துக்கே இந்த அதிகாரம் என்றால், மலையை நகர்த்தும் எழுத்துக்கு எவ்வளவு இருக்கும் என்று பாருங்கள்.

எழுத்தைப் படிக்கத் தெரிந்தாலும் பொருள் பிடிபடாதபடி பூட்டிவைக்கும் வழியும் இங்கே உண்டு. குமரி மாவட்டத்து வர்ம ஆசான்களின் ஏடுகளைப் பாருங்கள். படுவர்மம் 12, தொடுவர்மம் 96, ஆக 108 என்ற கணக்கு யாருக்கும் தெரியும். ஆனால் ஏட்டிலுள்ள பாட்டு பரிபாசை என்னும் மறைமொழியில் இருக்கும். எந்த இடம், எவ்வளவு அழுத்தம், பட்ட அடியைத் தீர்க்கும் இளக்குமுறை என்ன என்பதை ஆசான் வாய்மொழியாகச் சொல்லாவிட்டால் ஏடு கையிலிருந்தும் பயனில்லை. தாக்குவதற்கு முன் இளக்குவதைக் கற்க வேண்டும் என்னும் ஒழுங்கும் அதில் உண்டு. சுழியெழுத்தின் ஒவ்வொரு கட்டளைக்கும் ஓர் இளக்குமுறையை வைத்து, அது மட்டும் எங்கும் எழுதப்படாமல் வாய்வழியே வருவதாக அமைத்தால், திருடிக் கற்ற எதிரிக்கும் முறையாகக் கற்ற கதாநாயகிக்கும் வேறுபாடு தானாகவே வந்துவிடும்.

எழுத்துச் சீர்திருத்தத்தையும் மறந்துவிடாதீர்கள். கேரளத்தில் 1971இல் தட்டச்சுக்கும் அச்சுக்கும் வசதியாகக் கூட்டெழுத்துகளைப் பிரித்தார்கள். சுமார் 900 அச்சு வடிவங்கள் 90 அளவுக்குக் குறைந்தன. தமிழ்நாட்டில் 1978இல் 13 எழுத்துகளின் வடிவம் மாறியது. யானையின் தும்பிக்கை போன்ற பழைய 'லை', 'னை' போயின. இருமலைநாட்டு அரசி ஒருத்தி எல்லோரும் கற்கட்டும் என்னும் நல்ல எண்ணத்தோடு சுழிகளைக் குறைக்கிறாள் என்று வையுங்கள். புதிய வடிவத்தில் எழுதிய கட்டளைகள் பலிக்கின்றனவா? எண் மாறாததால் பலிக்கின்றன, ஆனால் பழைய பாறை ஒப்பந்தங்களைத் திருத்த மட்டும் பழைய சுழி வேண்டும் என்றால், பள்ளிக்கூடத்திலிருந்து விரட்டப்பட்ட கிழட்டு ஆசானுக்கு மீண்டும் வேலை வந்துவிடுகிறது.

மலைக்கு அப்பாலிருந்து வரும் அயலாருக்கு உங்கள் கதையில் இடமே இல்லை என்பது எனக்குக் குறையாகப் பட்டது. 849ஆம் ஆண்டு வேணாட்டு ஆட்சியாளர் அய்யனடிகள் திருவடிகள் கொல்லத்துத் தரிசாப்பள்ளிக்கு அளித்த செப்பேடு வட்டெழுத்தில் இருக்கிறது. அதன் சாட்சிக் கையெழுத்துகள் அரபு கூஃபி எழுத்திலும், பாரசீகத்தின் பகலவி எழுத்திலும், எபிரேய எழுத்திலும் இருக்கின்றன. சாட்சியிட்ட வணிகர்கள் தங்கள் எழுத்திலேயே தங்களைக் கட்டிக்கொண்டார்கள். யாரும் அவர்களை வட்டெழுத்தில் எழுதச் சொல்லவில்லை. இதை உங்கள் பாறை ஒப்பந்தங்களுக்கு விதியாக்கலாம்: கட்டளை சுழியெழுத்தில், சாட்சியின் பெயர் அவரவர் பிறந்த எழுத்தில். அப்போது சுழியெழுத்தே தெரியாத அயல்நாட்டுக் கப்பல்காரன் ஒருவனின் ஒற்றைக் கையெழுத்தில் ஒரு நதியின் போக்கு தொங்கிக்கொண்டிருக்கும். கதாநாயகி அவன் பேரனைத் தேடிக் கடற்கரைக்குப் போக வேண்டியிருக்கும்.

அச்சிடுவது பற்றிய கடைசிக் கேள்வி எளிது. உலகில் இல்லாத எழுத்துக்கென்று யூனிகோடில் தனிப்பயன் பகுதி ஒன்று ஒதுக்கப்பட்டிருக்கிறது. அதன் முதன்மைத் தொகுதியிலேயே 6,400 இடங்கள் உண்டு. உங்கள் 40 குறிகளையும் எழுத்துரு மென்பொருளில் வரைந்து அங்கே அமர்த்திவிடலாம். மின்னூலாக வெளியிட்டால் எழுத்துருவை நூலுக்குள்ளேயே பொதிந்துவிடுங்கள். இல்லாவிட்டால் வாசகரின் கைப்பேசியில் வெறும் கட்டங்கள்தான் தெரியும். அச்சு நூலுக்கு அந்தக் கவலை இல்லை. பக்கத்தைப் படமாகவே கொடுத்துவிடலாம். எல்லாக் குறிகளையும் பின்னிணைப்பில் அட்டவணையாகப் போட வேண்டாம் என்பது என் கருத்து. அந்த வெள்ள அத்தியாயத்தில் கதாநாயகி எழுதும் ஒரு வரியை மட்டும் முழுமையாக அச்சிட்டு, அதற்கு முன்னுள்ள அத்தியாயங்களில் ஏழெட்டுக் குறிகளின் ஒலியையும் எண்ணையும் ஆங்காங்கே சிதறவிடுங்கள். பொறுமையுள்ள வாசகர் பென்சிலை எடுத்துக்கொண்டு கூட்டிப் பார்த்து, அந்த வரி காட்டும் நாளையும் அதன் பிழையையும் அவளுக்கு முன்னதாகவே கண்டுபிடித்துவிடுவார். எண்கள் உண்மையிலேயே ஒத்துவருகின்றனவா என்று கைப்பிரதியை அனுப்புவதற்கு முன் நீங்களும் ஒருமுறை கூட்டிப் பார்த்துவிடுங்கள்.